இறுதி ஆட்டத்துக்கு மறுநாள்

வெள்ளைச் சட்டையின் காலரைத் தேய்த்து முடித்து, அதன் இடது கையை இஸ்திரிப் பலகையில் விரித்தபோது பின்வாசலில் பேட்சி குயின்லனின் குரல் கேட்டது. அட்ராக்டா நிமிரவில்லை. பதினோரு மணிக்குள் பையனின் உடுப்பைக் கொடுத்தனுப்பினால் நல்லது என்று சவப்பெட்டிக்காரர் காலையிலேயே போன் செய்திருந்தார். மணி பத்தேகால்.

பேட்சி தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு உள்ளே வந்தார். முப்பது வருஷமாக அந்த ஊருக்குத் தபால்காரர். பதினோரு வருஷமாகக் கில்பிரானக் கிளப்பின் ஹர்லிங் மட்டைப்பந்து அணிக்குப் பயிற்சியாளர். இந்த வீட்டுக்குள் ஒரு நாளும் கதவைத் தட்டி வந்தவரில்லை. இன்று சமையலறைக் கதவருகே நின்று, "வரலாமா?" என்று கேட்டார்.

மேசையருகே உட்கார்ந்திருந்த அவள் கணவர் ஃபின்டன், வா என்பதுபோலத் தலையை அசைத்தார்.

பேட்சி ஒரு பிளாஸ்டிக் பையை மேசைமேல் வைத்தார். "பசங்க எல்லாரும் சேர்ந்து கேட்டாங்க. இதைப் போட்டு அனுப்பணும்னு."

நீலமும் மஞ்சளுமான கிளப் ஜெர்சி. முதுகில் பதினொன்று.

"அவனுக்குச் சட்டை இருக்கு," என்றாள் அட்ராக்டா. "ஊனா பட்டம் வாங்கினப்போ போட்டது. அவனே கடைக்குப் போய் எடுத்தான். அவன் பிறந்ததுலேர்ந்து தானாப் போய் எடுத்த ஒரே சட்டை இதுதான்."

லீட்ஸிலிருந்து முந்தின நாள் வந்து இறங்கிய மகள் ஊனா, கழுவிய கோப்பைகளையே மறுபடி கழுவிக்கொண்டிருந்தாள்.

"ஜெர்சியில போகட்டும், அட்ராக்டா," என்றார் ஃபின்டன்.

அவள் சண்டை போடுவாள் என்று மூன்று பேரும் காத்திருந்தார்கள். போட்டிருக்கவும் வேண்டும். இருபத்தெட்டு வருஷமாகியும் இந்த ஊரில் அவள் மேயோக்காரிதான். கால்பந்து ஆடுகிற ஊரிலிருந்து வந்தவள்; மட்டையைத் தூக்கிக்கொண்டு ஒருவன் மண்டையை ஒருவன் பிளக்கிற ஆட்டத்தில் என்ன இருக்கிறது என்று கல்யாணமான புதிதில் மாமனாரிடமே கேட்டவள். இந்த வீட்டில் அந்த ஆட்டத்தை எதிர்த்து வாய் திறக்கும் ஒரே ஆள் அவள்தான்.

அட்ராக்டா சட்டையை மடித்து நாற்காலிமேல் வைத்தாள். ஜெர்சியைப் பையிலிருந்து எடுத்தாள். எண்ணின்மேல் சூடு பட்டால் உருகிவிடும் என்று உள்பக்கத்தை வெளியே திருப்பிப் போட்டு மெதுவாகத் தேய்த்தாள்.

"அம்மா," ஊனா கிட்டே வந்து தணிந்த குரலில் சொன்னாள், "உனக்கு இஷ்டமில்லைன்னா சொல்லு. நான் அப்பாகிட்டே பேசறேன்."

"வேண்டாம்."

பேட்சி போகாமல் நின்றார். செவ்வாய்க்கிழமை மாலை மைதானத்தில், ஆம்புலன்ஸ் வந்து சேரும்வரை இருபத்தைந்து நிமிஷம், பயிற்சியில் சுருண்டு விழுந்த மகன் கிலியனின் மார்பை அழுத்தியவர் அவர்தான். கிளப் சுவரில் மாட்டியிருந்த மின்னதிர்ச்சிக் கருவியைப் பசங்கள் ஓடிப்போய் எடுத்து வந்தார்கள். அதுவும் பலிக்கவில்லை. இன்றும் அவர் மணிக்கட்டுகள் இரண்டும் வீங்கியிருந்தன.

"ஓட ஆரம்பிச்சப்பவே கொஞ்சம் வெளுத்திருந்தான்," என்றார் பேட்சி. "என்னடான்னு கேட்டேன். சாப்பிடாம வந்துட்டேன்னான். நான்தான் அவனை ஓரமா உட்கார வச்சிருக்கணும். நான்தான்..."

"உங்க மேல ஒரு தப்பும் இல்லை," என்றாள் அட்ராக்டா. சட்டென்று, கொஞ்சம் அதிகச் சத்தமாக வந்தது அது.

"இல்லை பேட்சி," என்றார் ஃபின்டனும், தரையைப் பார்த்துக்கொண்டு. "உன் மேல என்ன தப்பு."

பேட்சி போன பிறகு அட்ராக்டா ஜெர்சியை மடித்தாள். போன சனிக்கிழமை இதே நேரம் கிலியன் பின்வாசல் படியில் உட்கார்ந்திருந்தான். கொட்டகையிலிருந்து ஒரு மூட்டைத் தீவனம் தூக்கி வந்தவன், மூட்டையைக் கீழே போட்டுவிட்டுக் கைப்பிடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டான். முகத்தில் ரத்தமில்லை.

"என்னடா?"

"ஒண்ணுமில்லைம்மா. ஒரு செகண்டு லைட்டை அணைச்ச மாதிரி ஆச்சு. இப்போ வந்துடுச்சு."

"முன்னாடி இப்படி ஆகியிருக்கா?"

அவன் கீழே கிடந்த மூட்டையை நிமிர்த்தி வைத்தான். சர்க்கரை கூடப் போட்டு டீ கொடுத்தாள். பாதி குடித்துவிட்டுச் சொன்னான்: "அப்பாகிட்டே சொல்லிடாதே. அடுத்த ஞாயித்துக்கிழமை ஃபைனல். அது முடியட்டும். டாக்டர்கிட்டே நானே போறேன்."

அவள் சரி என்றாள்.

ஏன் சரி என்றாள் என்பதுதான் செவ்வாய்க்கிழமை இரவிலிருந்து அவளை உள்ளே வைத்துத் திருகிக்கொண்டிருந்தது. பயம் இல்லாமல் இல்லை. ஆனால் அந்தப் பயத்துக்கு அடியில் ஒரு சந்தோஷமும் இருந்தது. ஆறு வயதில் பால் கொட்டகைச் சுவரில் பந்தடிக்கத் தொடங்கிய நாளிலிருந்து ஹர்லிங் என்பது அப்பனுக்கும் மகனுக்கும் இடையிலான விஷயம். பன்னிரண்டு வயதில் கிளப்பில் சேர்ந்தபோதும், பதினேழு வயதில் கவுண்டியின், அதாவது மாவட்டத்தின், இளையோர் அணிக்குத் தலைவனாகிக் கோப்பையோடு வந்தபோதும், நாற்சந்தியில் நெருப்பு மூட்டி ஊரே ஆடியபோதும் அவள் ஓரமாக நின்று அழுக்குத் துணிகளை வாங்கிக்கொண்டவள். இருபது வயதில் அவனுக்குப் பெரியவர்களின் கவுண்டி அணியில் இடம் கிடைத்தது. இரண்டு ஆட்டம், இரண்டிலும் கடைசி நேரத்தில் இறக்கினார்கள். அப்புறம் முழங்கால் தசைநார் அறுந்தது. ஒன்பது மாதம் வீட்டில் கிடந்தான். திரும்பி எழுந்து ஓடினான். போன ஜனவரியில் அணியிலிருந்து எடுத்துவிட்டதாக மூன்று வரிச் செய்தி போனில் வந்தது. அந்த மூன்று வரியையும் அப்பனும் மகனும் காரில் உட்கார்ந்து படித்தார்கள். அவளுக்குச் சொன்னது பக்கத்து வீட்டு நோரீன்.

ஆட்டம் சம்பந்தப்பட்டு அவன் அவளிடம் மட்டும் சொன்ன முதல் விஷயம் அந்தச் சனிக்கிழமை விஷயம்தான். அதை அவள் யாருக்கும் கொடுக்காமல் வைத்துக்கொண்டாள்.

மதியம் பெட்டி வீட்டுக்கு வந்தது. முன்னறை ஜன்னலோரம் வைத்தார்கள். ஹெல்மெட் போட்டுப் போட்டு நெற்றியில் விழுந்திருந்த லேசான தழும்பு அப்படியே இருந்தது. ஜெர்சியில் அவன் ஓய்வெடுக்கிறவன் மாதிரி இல்லை. பேருந்துக்குக் காத்திருந்து தூங்கிப்போனவன் மாதிரி இருந்தான்.

மூன்று மணிக்கெல்லாம் வாசலிலிருந்து சாலை வளைவுவரை வரிசை நின்றது. எல்லோரும் கை கொடுத்தார்கள், எல்லோரும் ஒரே வாக்கியத்தைச் சொன்னார்கள்: "உங்க துக்கத்துக்கு வருத்தப்படறேன்." அட்ராக்டா ஒவ்வொருவருக்கும் நன்றி சொன்னாள். முரட்டுக் கைகள், மெல்லிய கைகள், சின்னப் பிள்ளைகளின் ஈரக் கைகள். இறுதி ஆட்டத்தில் எதிரே ஆடவேண்டிய கிளப்பின் பசங்கள்கூட ஒரு வேனில் வந்து தலைகுனிந்து நின்றார்கள். ஆட்டத்தை இரண்டு வாரம் தள்ளி வைத்துவிட்டார்கள் என்று யாரோ சொன்னார்கள்.

சமையலறையில் நோரீன் இரண்டு பெண்களை வைத்துக்கொண்டு ரொட்டிக்கு வெண்ணெய் தடவி, பன்றித்தொடைக் கறித்துண்டுகளை அடுக்கிக்கொண்டிருந்தாள். அட்ராக்டா உள்ளே வந்ததும் ஒரு துண்டை அவள் கையில் திணித்தாள்.

"தின்னு, மேயோக்காரி. ரெண்டு நாளா டீயிலேயே உயிரோட இருக்கே."

"இறங்கலை நோரீன்."

"இறங்காது. மென்னு முழுங்கு. நாளைக்கு நிக்கணும் இல்லே."

கொல்லையில் ஆண்கள் தேநீர்க் கோப்பைகளோடு நின்று பேசிக்கொண்டிருந்தது திறந்த ஜன்னல் வழியாகக் கேட்டது.

"பதினேழு வயசுல மைனர் ஃபைனல்ல அடிச்சானே ஒரு கோல்! அந்த கோல்கீப்பர் பந்தை இன்னும் தேடிக்கிட்டிருக்கான்."

"நீ எங்கேடா பார்த்தே? உன் மாடு கன்னு போடுதுன்னு நீ அன்னிக்கு வரவே இல்லையே."

"ரேடியோவில கேட்டேன்."

"ஓ, ரேடியோவிலே பந்து தெரிஞ்சுதோ?"

அடக்கிய சிரிப்பு எழுந்து நின்றது. பிறகு யாரோ மூக்கைச் சிந்தினார்கள்.

அந்த நேரத்தில்தான் நடைவழியில் இருந்த பழைய போன் அடித்தது. ஃபின்டன் மாட்டுக் கொட்டகையில் கைபேசி வைத்துக்கொள்ளாதவர். அதனால் அந்த இணைப்பை இன்னும் துண்டிக்காமல் வைத்திருந்தார்கள். கை கொடுக்கும் வரிசையிலிருந்து தப்பிக்கக் கிடைத்த வாய்ப்பாக அட்ராக்டா போய் எடுத்தாள்.

"வணக்கம். மேஹர் வீடுங்களா?" ஓர் இளம்பெண்ணின் குரல், துறுதுறுவென்று. நகரத்திலிருந்த இதய மருத்துவமனையின் பெயரைச் சொன்னாள். "கிலியன் மேஹருக்கு எங்ககிட்டே ஸ்கேனுக்கு நேரம் குறிச்சிருக்கு. திங்கட்கிழமை காலை பத்தரை."

அட்ராக்டா சுவரைப் பிடித்துக்கொண்டாள்.

"யாரு... யாரு குறிச்சாங்க?"

"ஃபின்டன் மேஹர்னு இருக்கு. அப்பாதானே? போன புதன்கிழமை போன் பண்ணியிருக்காரு." காகிதம் புரளும் சத்தம். "ஒண்ணுமில்லைங்க, நாளைக்குக் காலையில ஒருத்தர் வரலைன்னுட்டாங்க, ஒரு இடம் காலியாகுது. முன்னாடியே பார்த்துடலாமேன்னுதான் கூப்பிட்டேன். போன வெள்ளிக்கிழமையே தரோம்னோம், அது அவருக்குச் சௌகரியப்படலை போலிருக்கு. ஃபைனல் முடிஞ்சு திங்கட்கிழமைதான் வேணும்னாராம், இங்கே எழுதியிருக்கு." அந்தப் பெண் சிரித்தாள். "எங்க வீட்டிலும் அப்படித்தாங்க. ஆட்டம்னா மத்ததெல்லாம் அப்புறம்தான். நாளைக்கு வர முடியுமா?"

நடைவழியின் இந்தப் பக்கம் முன்னறை வாசல். வரிசை மெல்ல நகர்ந்துகொண்டிருந்தது. ஒரு கிழவி பெட்டியின்மேல் குனிந்து சிலுவைக்குறி போட்டாள்.

போன புதன். அவன் படியில் உட்கார்ந்ததற்கு மூன்று நாள் முன்னால். அப்படியென்றால் அவரிடமும் சொல்லியிருக்கிறான். அம்மாவிடம் சொல்லாதே என்று அவரிடம் சொல்லியிருப்பான்.

"ஹலோ? இருக்கீங்களா?"

"நாளைக்கு முடியாதும்மா," என்றாள் அட்ராக்டா.

"பரவாயில்லைங்க. அப்போ திங்கட்கிழமையே—"

"திங்கட்கிழமையும் வேண்டாம். பேரை அடிச்சுடு."

"அடிச்சுடவா? நிச்சயமாவா? திரும்ப இடம் கிடைக்க நாளாகுங்க."

"தெரியும். அடிச்சுடு. நீ நல்லா இரு."

அவள் போனை வைத்துவிட்டுத் திரும்பியபோது ஃபின்டன் சமையலறை வாசலில் தேநீர்க் கெண்டியோடு நின்றிருந்தார். இடுங்கிய அந்த நடைவழியில் இருவருக்கும் நடுவே நான்கடி தூரம்கூட இல்லை.

"யாரு?"

"தப்பு நம்பர்."

அவர் போனைப் பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார். "எங்கேருந்து?"

தப்பு நம்பரை எங்கிருந்து என்று யாரும் கேட்பதில்லை. அவரும் அதை உணர்ந்த மாதிரி கெண்டியை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றினார். கெண்டியின் மூக்கு வழியாக ஆவி போய்க்கொண்டிருந்தது. அவருக்குப் பின்னால் நோரீன், "ஃபின்டன், டீ ஆறிடும், கொண்டு போப்பா," என்றாள். அவர் அட்ராக்டாவை இடிக்காமல் பக்கவாட்டில் திரும்பி நகர்ந்து முன்னறைக்குப் போனார்.

அவள் மாடிக்குப் போய்க் குளியலறைக் கதவைத் தாழிட்டுத் தொட்டியின் விளிம்பில் உட்கார்ந்தாள். கீழே இறங்கிப்போய் அத்தனை பேர் முன்னாலும் அவர் சட்டையைப் பிடித்து உலுக்கவேண்டும் என்று இருந்தது. வெள்ளிக்கிழமை. வெள்ளிக்கிழமை கூட்டிக்கொண்டு போயிருந்தால். வாயைத் துண்டால் பொத்திக்கொண்டாள். கத்தவேண்டிய வாக்கியத்தை மனதுக்குள் எத்தனை முறை எடுத்தாலும் அது வெள்ளியில் தொடங்கிச் சனிக்கிழமையில் வந்து நின்றது. அங்கே படியில் அவள்தான் டீக் கோப்பையோடு நின்றிருந்தாள்.

வெகுநேரம் கழித்து ஊனா கதவைத் தட்டினாள். "அம்மா, பாதிரியார் வந்திருக்கார்."

"முகம் கழுவிட்டு வரேன்," என்றாள்.

மறுநாள், வெள்ளிக்கிழமை காலை, பெட்டியை மூடுவதற்குக் கால் மணி நேரம் இருக்கையில், முன்னறையில் அவர்கள் இருவரை மட்டும் விட்டுவிட்டு மற்றவர்கள் வெளியே போனார்கள். ஃபின்டன் புதிதாக வாங்கிய கறுப்புக் கோட்டில் இருந்தார். பெட்டியின் விளிம்பில் இரண்டு கைகளையும் வைத்துக்கொண்டு நின்றார். கழுவியும் போகாத மாட்டுக்கொட்டகைக் கறை நகங்களில் இருந்தது.

"அட்ராக்டா. உன்கிட்டே ஒண்ணு சொல்லணும்."

அவள் மகனின் ஜெர்சிக் காலரைச் சரிசெய்தாள். ஏற்கெனவே சரியாகத்தான் இருந்தது.

"அவன் என்கிட்டே... போன வாரம் அவன்..."

"இப்போ வேண்டாம், ஃபின்டன்."

"இல்லை, கேளு. நான்—"

"அப்புறம் சொல்லு," என்றாள். சொன்னது அவரைக் காப்பாற்றவா, அவர் சொன்னால் தானும் சொல்லவேண்டிவரும் என்பதாலா என்று அவளுக்கே தெரியவில்லை. வாய்விட்டுச் சொன்ன பிறகுதான் அந்த 'அப்புறம்' அவள் காதில் விழுந்தது.

அவர் குனிந்து மகனின் நெற்றியில் முத்தமிட்டார். நிமிர்ந்தபோது அவர் உயரமே குறைந்துவிட்ட மாதிரி இருந்தது.

தேவாலயத்திலிருந்து கல்லறைக்கு முக்கால் மைல். சாலையின் இருபுறமும் கிளப்பின் சின்னப் பிள்ளைகளிலிருந்து பெரியவர்கள்வரை மட்டையைத் தரையில் ஊன்றிக்கொண்டு நின்றார்கள். மழை இல்லை, ஆனால் எல்லாம் நனைந்திருந்தது. பெட்டியைத் தூக்கிய ஆறு பேரில் ஐந்து பேர் அவனோடு ஆடியவர்கள். ஆறாவது ஃபின்டன். மேடேறும்போது அவர் கால் வழுக்கியது. பின்னால் இருந்தவன், "பார்த்து, ஃபின்டன், என்மேல சாஞ்சுக்குங்க," என்றான்.

ஜெபம் முடிந்ததும் பேட்சி ஒரு காகிதத்தை விரித்தார். மறுபடி மடித்துப் பைக்குள் வைத்துவிட்டு வாய்ப்பேச்சாகப் பேசினார்.

"பெரியவங்க அணியில கவுண்டிக்காகக் கிலியன் ஆடினது மொத்தம் பத்தொம்போது நிமிஷம். நான் எண்ணி வச்சிருக்கேன். முழங்காலை அறுத்துப் போட்டுட்டுத் திரும்ப வந்தான். அவங்க வேண்டாம்னு சொன்னப்போ ஒரு வார்த்தை பேசாம மறுநாள் சாயங்காலம் நம்ம சேத்துல வந்து நின்னான், இந்தப் பொடிசுங்களுக்குப் பந்து போட. முப்பத்தோரு வருஷம் கழிச்சு நம்மளை ஃபைனலுக்குக் கொண்டு வந்தவன் அவன். ஒரு நாள், ஒரே ஒரு நாள்கூட, எனக்கு முடியலைன்னு அவன் யார்கிட்டேயும் சொன்னதில்லை."

கூட்டத்தில் விசும்பல் கேட்டது. அட்ராக்டா பக்கத்தில் திரும்பவில்லை. அவள் தோளோடு ஒட்டியிருந்த ஃபின்டனின் தோள் குலுங்குவதை மட்டும் உணர்ந்தாள். கையால் துழாவி அவர் முழங்கையைப் பிடித்தாள். அவரைத் தாங்குவதற்குப் பிடித்த மாதிரிதான் பார்த்தவர்களுக்கு இருந்திருக்கும். தன் கால்கள் நிற்கவில்லை என்பது அவளுக்குத்தான் தெரியும்.

சாயங்காலம் நாலரைக்குள் கடைசிக் காரும் போய்விட்டது. ஊனா சோபாவில் காலணியோடு தூங்கிப்போயிருந்தாள். நோரீனின் கணவர், மூன்று நாளாக மாடுகளைக் கறந்து கொடுத்தவர், இன்றைக்கும் தானே பார்த்துக்கொள்வதாகச் சொன்னார்.

"வேண்டாம். நான் பார்த்துக்கறேன்," என்றார் ஃபின்டன். "நீ போய் உன் மாட்டைப் பாருப்பா. ரொம்ப நன்றி."

அவர் கறுப்புக் கோட்டைக் கழற்றி நாற்காலியில் போட்டுவிட்டு ரப்பர் காலணியை மாட்டிக்கொண்டு வெளியே போனார். அட்ராக்டா சமையலறையில் நின்று கறவை இயந்திரம் ஓடத் தொடங்கும் சத்தத்தைக் கேட்டாள். ஒரு பக்கத்துக்கு எட்டு மாடு. இரண்டு பக்கம். நடுவே ஆள் நின்று கறக்கும் பள்ளம். இந்தக் கோடை முழுக்க ஒரு பக்கம் அப்பா, ஒரு பக்கம் மகன்.

அவள் ஊனாமேல் ஒரு போர்வையைப் போட்டாள். பிறகு நல்ல உடுப்பின்மேலேயே ஒரு பழைய மழைக்கோட்டை மாட்டிக்கொண்டு முற்றத்தைக் கடந்து போனாள்.

அவள் பள்ளத்துக்குள் இறங்கியபோது ஃபின்டன் திரும்பிப் பார்த்தார். இயந்திர இரைச்சலில் எது சொன்னாலும் கேட்டிருக்காது. அவள் மறுபக்கம் போய், தொங்கிய துணியை வெந்நீரில் நனைத்து முதல் மாட்டின் மடியைத் துடைத்தாள். அவள் கறந்து ஆறேழு வருஷம் ஆகியிருக்கும். கறவைக் குழாய்களின் கனம்கூட மறந்திருந்தது. மூன்றாவது மாட்டில் இரண்டு குழாய் நழுவிக் கீழே விழுந்தன. மறுபடி எடுத்து மாட்டினாள்.

ஐந்தாவதாக நின்றது ஒரு கறுப்பு மாடு. அவள் வாசனை பழகாமல் காலை மாற்றி மாற்றி வைத்தது. கை பட்டதும் உதைத்தது. குழாய் பறந்துபோய்ச் சுவரில் மோதியது. அட்ராக்டா பின்வாங்கி நின்றாள். முழங்கை எலும்பில் பட்டிருந்தது, வலித்தது. அப்போதுதான், மூன்று நாளில் முதல்முறையாக, கண் நிறைந்து வழிந்தது.

ஃபின்டன் பள்ளத்தின் குறுக்கே வந்து அவள் பக்கத்தில் நின்றார். அவள் முகத்தைப் பார்க்கவில்லை. கையை உயர்த்தி மாட்டின் விலாவில் வைத்து அழுத்திக்கொண்டு ஏதோ முனகினார். மாட்டுக்குச் சொன்னாரா, அவளுக்குச் சொன்னாரா, இரைச்சலில் புரியவில்லை. மாடு மெல்ல அடங்கியது.

அவள் குனிந்து குழாய்களை ஒவ்வொன்றாக மாட்டினாள். நாலாவதும் பிடித்துக்கொண்டது. கண்ணாடிக் குழாயில் பால் வெள்ளையாக ஏறத் தொடங்கியது. மாட்டின்மேலிருந்து அவர் கையை எடுக்கலாம். எடுக்கவில்லை.